அடிஷனல் ஷீட்

அடிஷனல் ஷீட் ஒன்றுகூட வாங்காமல் செலின் எழுதிய இயற்பியல் தேர்வில் 37 போட்டிருந்தார்கள். தேற 40 வேண்டும். மறுமதிப்பீட்டுக்கு விண்ணப்பித்து ஏழு மாதம் பதில் இல்லாததால் ஐகோர்ட்டில் ரிட் போட்டாள். வழக்கு நடக்கும்போதே மஞ்சள் காமாலையில் செத்துப்போனாள்.

1992 பிப்ரவரியில், நான்கு வாரத்துக்குள் விடைத்தாளைத் திருத்தச் சொல்லி உத்தரவு வந்தது. அவள் அப்பா பாஸ்கல் உத்தரவு நகலோடு பட்டாபிராமில் ரயிலேறி, பல்கலைக்கழகத்துக்குப் போனார். கிளார்க் தாள்கட்டு ஒன்றிலிருந்து செலினின் விடைத்தாளை உருவினார்.

"அடிஷனல் ஷீட் நாலு கட்டியிருக்கு. அஞ்சாவது பாதியில நிக்குது. எழுதி முடிக்காததை எப்படிங்க திருத்துறது?"

"பொண்ணு செத்து மூணு மாசமாவுது சார். கோர்ட்டு ஆர்டர் கீது."

"விடைத்தாளைத் திருத்தணும்னுதான் ஆர்டர். முடிக்கட்டும், திருத்துறோம்."

அடுத்த வாரம் பாஸ்கல் போனபோது ஒன்பது தாள்கள் இருந்தன. அதற்கடுத்த வாரம் பதினாறு. ஒவ்வொன்றின் தலையிலும் செலின் வழக்கமாகப் போடும் சின்னச் சிலுவை இருந்தது. கடைசித் தாளில் எழுத்து அவசரமாகச் சாய்ந்திருந்தது.

நான்கு வாரக் கெடு முடிந்த அன்று, தேர்வர் இன்னும் எழுதிக்கொண்டிருப்பதாகக் கோர்ட்டுக்கு அறிக்கை அனுப்பிவிட்டதாகக் கிளார்க் சொன்னார்.

"அடுத்த தடவை வரும்போது தாள் கட்ட நூல் கொண்டாங்க. இங்க தீர்ந்துபோச்சு."

பட்டாபிராமில் இறங்கியதும் பாஸ்கல் ஸ்டேஷனுக்கு எதிர்க்கடையில் வெள்ளை நூல்கண்டு கேட்டார். ஒன்று போதுமா என்றார் கடைக்காரர்.

பாஸ்கல் கொஞ்சம் யோசித்தார்.

"ரெண்டா குடு."