நாலும் மூணும் சேரும் வாரம்

நான்கில் ஒன்றையும் மூன்றில் ஒன்றையும் கூட்டி, ஏழில் இரண்டு என்று எழுதினார் அவர்.

மேலே இருப்பதை மேலே இருப்பதோடு, கீழே இருப்பதைக் கீழே இருப்பதோடு. இதில் என்ன பெரிய வித்தை? முன் பெஞ்சில் உட்கார்ந்திருந்த காவலாளியும் அதையேதான் எழுதியிருந்தார்.

மாலை வகுப்பு டீச்சர் குனிந்து பார்த்தாள். சின்னப் பெண். சிரிக்காமல் சொன்னாள்.

"கீழ இருக்கிற ரெண்டும் வேற வேற, ஐயா. ரெண்டும் எந்த எண்ல வந்து சேருதுன்னு பாருங்க. அப்புறம்தான் கூட்ட முடியும்."

பக்கத்தில் அவர் மனைவி எப்போதோ கணக்கை முடித்துவிட்டு, நோட்டின் மேல் கையை வைத்து மறைத்துக்கொண்டிருந்தாள். இந்த வயதில் அவர் காப்பியடித்துவிடுவாராம்.

அவள் கண்ணில் ஒரு பொட்டுத் தூக்கமில்லை. இந்த முழிப்பு அந்தக் காலத்தில் எங்கே போயிருந்தது? அந்த ஒரு குறை மட்டும் அவருக்கு இன்னும் ஆறவில்லை.

அப்போது அவருக்குச் சுரங்கத்தில் வேலை. அங்கேயே கொட்டகையில் படுக்கை. நாலு வாரத்துக்கு ஒரு நாள் லீவு.

அவளுக்கு ஆஸ்பத்திரித் துணிகளை வெளுக்கும் கூடத்தில் வேலை. மூன்று வாரத்துக்கு ஒரு நாள்.

விடிகிற நேரத்துக்கு அவர் பஸ்ஸை விட்டு இறங்குவார். கதவைத் தட்டுவதற்குள் திறப்பாள். கையெல்லாம் சோப்பு வாசம்.

நாலு வாரத்துப் பேச்சு அவர் தொண்டைவரை வந்து நிற்கும். எவன் எவனோடு சண்டை, மேஸ்திரிக்கு எப்படிப் பல் விழுந்தது, எல்லாம் அவளுக்கென்று சேர்த்து வைத்தது.

பல் கதை பாதி தாண்டுவதற்குள் அவள் தலை சுவரில் சாய்ந்துவிடும்.

கோபம்தான். ஆனாலும் ஸ்டூலை இழுக்காமல் தூக்கி வைப்பார். குழாய் சொட்டினால் அடியில் துணியைப் போடுவார். சாயங்காலம் அவள் பதறிக்கொண்டு எழுந்திருக்கும்போது, அவர் கடைசி பஸ்ஸுக்குச் சட்டை மாட்டிக்கொண்டிருப்பார்.

"பொண்டாட்டிய கட்டி வைங்கன்னா, தலகாணிய கட்டி வச்சுட்டாங்க" என்று மச்சானிடம் சொல்லிச் சொல்லிச் சிரித்திருக்கிறார்.

சிரிப்பெல்லாம் வெளியில்தான். தன்னோடு பேச அவளுக்கு ஒன்றுமே இல்லைபோல என்று பஸ் ஜன்னலோரம் உட்கார்ந்து நினைத்துக்கொண்டே போவார்.

டீச்சர் அடுத்த பெஞ்சுக்குப் போயிருந்தாள்.

நாலும் மூணும் என்றால் அவருக்குத் தெரிந்தது அந்த லீவுதான். அதையே எழுதினார்.

தன் வரிசை: நாலு, எட்டு, பன்னிரண்டு.

அவள் வரிசை: மூன்று, ஆறு, ஒன்பது, பன்னிரண்டு.

பன்னிரண்டில் இரண்டும் வந்து சேர்ந்தன. அட, வந்துவிட்டதே என்று ஒரு நொடி குஷி. அப்புறம் பென்சில் நின்றது.

நாலாவது வாரமும் போனாரே. எட்டாவது வாரமும் போனாரே. கதவு திறந்ததே.

விரல் விட்டு மறுபடி எண்ணிப் பார்த்தார். பன்னிரண்டுக்கு முன்னால் ஒரு வாரம்கூடச் சேரவில்லை.

"ஏய், நாலாவது வாரம் உனக்கு ஏது லீவு?" என்று குரலைத் தாழ்த்திக் கேட்டார்.

"கணக்கப் போடுங்க."

"எட்டாவது வாரம்?"

அவள் நிமிரவில்லை.

"முந்தின ராத்திரி ஷிப்டையும் சேத்துப் பாத்துட்டா, மறுநாள் விட்டுடுவாங்க."

"இத்தனை வருஷத்துல ஒரு வார்த்தை சொல்லக் கூடாதா?"

"சொன்னா நீங்க வந்திருப்பீங்களா?"

வந்திருக்க மாட்டார். அது அவருக்கும் தெரியும்.

பென்சிலை எடுத்தார். அவள் வரிசையில் மூன்றுக்கும் ஆறுக்கும் நடுவே இடுக்கி ஒரு நாலு எழுதினார். ஆறுக்கும் ஒன்பதுக்கும் நடுவே ஓர் எட்டு.

டீச்சர் திரும்பி வந்து இரண்டையும் சுற்றிச் சிவப்பு மையில் வட்டம் போட்டாள்.

"மூணோட வரிசையில இது ரெண்டும் வராதே, ஐயா."

"வந்துச்சும்மா" என்றார்.

டீச்சர் ரப்பரை நீட்டினாள். அவர் வாங்கிக்கொள்ளவில்லை.