கீப்பரின் இடது கை

நடுவர் பெனால்டி கொடுத்ததும் மைதானமே லோர்கன் டெவெரூவைத்தான் பார்த்தது.

மட்டையால் பந்தடித்து ஆடும் அயர்லாந்து விளையாட்டான ஹர்லிங்கில் மாவட்ட இறுதி ஆட்டம். அவர் மேனேஜராக இருக்கும் அணியான ரத்கார்வன் இரண்டு புள்ளி பின்தங்கியிருந்தது. பந்து வலைக்குள் போனால் மூன்று புள்ளி. அதோடு ஆட்டம் முடிந்தது, கோப்பை அவர்களுக்கு.

எதிரே கில்வாரன். லோர்கன் பிறந்து வளர்ந்த ஊர். இன்றும் குடியிருக்கிற ஊர்.

“டேய் லோர்கன், பாலத்தத் தாண்டி வீட்டுக்கு வந்துதானேடா ஆகணும்!”

வேலிக்கு அப்பாலிருந்து கத்தியவன் கசாப்புக் கடை பில்லி. சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். ஒரு காலத்தில், அகில அயர்லாந்துக் கோப்பையோடு லோர்கன் திரும்பி வந்த நாளில், அவரைத் தோளில் தூக்கிக்கொண்டு ஊருக்குள் போனவனும் இதே பில்லிதான்.

முழங்கால் போனதும் மட்டையை வைத்துவிட்டு ஊர் அணிக்கே மேனேஜர் ஆனார் லோர்கன். இரண்டு வருடம் தோற்றார்கள். கமிட்டி கூடியது, நன்றி சொன்னது, அனுப்பிவைத்தது.

அடுத்த வாரமே ஆற்றுக்கு அந்தப் பக்கத்து ரத்கார்வன்காரர்கள் வாசலில் வந்து நின்றார்கள். கோபத்தில் சரி என்றுவிட்டார்.

கோபம் தணிந்துவிட்டது. கொடுத்த வாக்கு மட்டும் அப்படியே இருந்தது.

அதன்பிறகு ஞாயிற்றுக்கிழமைப் பூசையில் அவர் பக்கத்தில் யாரும் உட்காருவதில்லை. இன்றைக்கு ஜெயித்தால் இந்தக் கரையில் துரோகி. தோற்றால், சொந்த ஊருக்கு விட்டுக்கொடுத்துவிட்டான் என்று அந்தக் கரை பேசும்.

பெனால்டி அடிக்கவேண்டிய ஷேன் ரோஸிட்டர் மட்டையோடு கோட்டருகே ஓடிவந்தான்.

“எந்தப் பக்கம் அடிக்கட்டும்? உங்களுக்குத்தான் அவனைத் தெரியுமே, சொல்லுங்க.”

லோர்கன் கோல் வாயில் நின்ற கீப்பரைப் பார்த்தார். ஹெல்மெட்டின் கம்பிகளுக்குப் பின்னாலிருந்து அவனும் இவரைத்தான் பார்த்துக்கொண்டிருந்தான்.

தெரியும். சின்ன வயதில் வைக்கோல் கொட்டகைக் கூரையிலிருந்து விழுந்து அவனுக்கு இடது மணிக்கட்டு முறிந்தது. அதிலிருந்து அந்தக் கை தாழ்ந்து வரும் பந்துக்கு ஒரு கணம் பிந்தித்தான் இறங்கும். கில்வாரனில் யாரும் அதைக் கவனித்ததில்லை.

தெரியாது என்று சொல்லிவிடலாம். பக்கத்தை மாற்றிக்கூடச் சொல்லலாம். யாரும் கண்டுபிடிக்கப்போவதில்லை.

ஷேனின் விரல்முட்டிகளில் தோல் உரிந்து ரத்தம் கசிந்திருந்தது. ரத்கார்வன் கடைசியாகக் கோப்பை வாங்கியது இவன் தாத்தா ஆடிய காலத்தில். குளிர்கால மழையிலும் சேற்றிலும் இந்தப் பயல்களை விரட்டி விரட்டி ஓடவிட்டவர் லோர்கன். ஏன் என்று ஒருவனும் கேட்டதில்லை.

“அவனோட இடது கைப் பக்கம்” என்றார். “தரையோட தரையா அடி. யோசிக்காத, போ.”

ஷேன் ஓடினான். திரும்பக் கூப்பிட்டுவிட வேண்டும்போல் இருந்தது லோர்கனுக்கு. கூப்பிடவில்லை. எங்காவது போய்விடலாம் என்றாலும் முன்னால் மைதானம், பின்னால் வேலி, வேலி முழுக்கத் தெரிந்த முகங்கள்.

ஷேன் பந்தை மட்டையால் தூக்கிப்போட்டு ஓங்கி அடித்தான். சொன்ன இடத்துக்கே போனது. சொன்ன மாதிரியே, புல்லை உரசிக்கொண்டு.

ஆனால் மட்டை பந்தில் படுவதற்கு முன்பே கீப்பர் அந்தப் பக்கம் பாய்ந்திருந்தான். கையை நம்பாமல் முழு உடம்பையும் குறுக்கே போட்டிருந்தான். பந்து நெஞ்சில் மோதி வெளியே தெறித்தது.

கடைசி விசில் ஒலித்தது.

கில்வாரன் வேலி தாண்டி மைதானத்துக்குள் கொட்டியது. ஷேன் மண்டியிட்டபடியே கிடந்தான். லோர்கன் போய் அவன் தோளில் கை வைத்தார்.

தூக்க வந்த கைகளை விலக்கிக்கொண்டு கீப்பர் அவர்களை நோக்கி நடந்து வந்தான். ஹெல்மெட்டைக் கழற்றினான். முதலில் குனிந்து ஷேனுக்குக் கை கொடுத்தான்.

பிறகு லோர்கனைப் பார்த்தான். முகத்தில் கோபம் இல்லை. சிரிப்பும் இல்லை.

“நீ சொல்லிடுவேன்னு எனக்குத் தெரியும், அப்பா.”