மூணாவது டேக்

செத்துக் கெடக்கான். ஆனா கண்ணு ஆடுது.

"கட்! பொணத்துக்கு எங்கயாச்சும் இமை துடிக்குமாப்பா?"

ரெண்டாவது டேக்கும் போச்சு.

டிவி சீரியல் ஷூட்டிங். இன்னிக்கு ஒரு நாள் அவன்தான் பொணம். மூக்குல பஞ்சு, நெத்தியில ஒத்த ரூபா, கால் கட்டைவிரல் ரெண்டும் சேத்துக் கட்டியாச்சு.

பதினாறு நாளா தூக்கமே இல்ல அவனுக்கு. சும்மா சொல்லல, பதினாறு!

ஷேவிங் க்ரீம்ல பல்லு வெளக்கியாச்சு. சிக்னல்ல பச்ச விழுந்ததும் பைக்க அங்கயே விட்டுட்டு எறங்கி நடந்துட்டான். சாப்பாடு டெலிவரி வேல, ஒரே வீட்டுல மூணு தடவ பெல் அடிச்சதுல காலி.

இதுவும் போச்சுன்னா ஊருக்கு பஸ் ஏற வேண்டியதுதான்.

அசிஸ்டென்ட் ஜெரால்டு குனிஞ்சான். "தம்பி, இதான் கடைசி. இன்னொரு வாட்டி ஆடுச்சு, வேற ஆள படுக்க வெச்சிருவேன்."

ஆக்‌ஷன்!

பொண்டாட்டியா நடிக்கிற மங்களேஸ்வரி அக்கா அவன் மார்ல அடிச்சு அழ ஆரம்பிச்சாங்க. வலிக்கக் கூடாதுன்னு மெதுவா.

தப். தப். தப்.

அவங்க வீட்டுல கைக்கொழந்த. கை தானா அதத் தட்டிக்குடுக்கிற தாளத்துக்குப் போயிருச்சு.

தப்.

தப்.

"கட்! ஓகே! ஒரு துளி ஆடலய்யா, செம!"

எல்லாரும் கை தட்டுறாங்க.

அவன் எந்திரிக்கல.

"தம்பி, முடிஞ்சுது."

எந்திரிக்கல.

ஜெரால்டு மூக்குகிட்ட வெரல் வெச்சுப் பாத்தான். பஞ்சுதான் இருக்கு. காத்து வருதா வரலயா, ஒண்ணும் தெரியல.



அக்காவுக்கு கிளிசரின் இல்லாமலே கண்ணு கொட்டுது. "ஐயோ... நான் அடிச்சதுலயா?"

அப்பதான்.

கொர்ர்ர்ர்.

யாரோ மொதல்ல சிரிச்சாங்க. அப்புறம் அத்தன பேரும், வாயப் பொத்திக்கிட்டு. அக்கா தரையிலயே உக்காந்துட்டாங்க, அழுதுக்கிட்டே சிரிப்பு.

"எழுப்பட்டா சார்?"ன்னான் ஜெரால்டு.

மேக்கப் போடுறவர் பதறிட்டாரு. "வேணாம் சார். பதினாறு நாளாச்சாம். காலைல சொன்னான்."

டைரக்டர் அவன் மூஞ்சியவே கொஞ்ச நேரம் பாத்தாரு. பஞ்ச அவரே எடுத்து விட்டாரு.

"பாடை தூக்குற சீன இப்பவே எடுத்துரலாம். ஆளுங்க முதுகுப் பக்கத்துலேருந்து ஷாட், இவன் மூஞ்சி தெரிய வேணாம். டேய், ஆடாம தூக்கணும்."

அக்கா மூக்கத் தொடச்சுக்கிட்டு எந்திரிச்சாங்க. "நான் அழணுமா சார்?"

"அழுங்கம்மா," டைரக்டர் குசுகுசுன்னு சொன்னாரு. "சத்தம் மட்டும் வேணாம். டப்பிங்ல பாத்துக்கலாம்."