குறுக்கு விசாரணை இல்லை

செத்துப்போன அண்ணன் பேசிக்கொண்டிருந்தான்.

குரல் மட்டும் எதிர்த்தரப்பு வக்கீலுடையது. பழைய ஜீவனாம்ச வழக்கில் அண்ணன் சுடலைமுத்து கொடுத்த சாட்சியத்தை அவர் நிறுத்தி நிதானமாக வாசித்தார்.

என் தங்கைக்கும் அவருக்கும் கல்யாணம் நடக்கவில்லை.

வாய் கூசாமல் சொல்லியிருக்கிறான்.

கூண்டில் மதினி, அண்ணன் பெண்டாட்டி, நின்றாள். புருஷன் இறந்துவிட்டான், சாட்சியத்தில் உள்ள கையெழுத்து அவனுடையதுதான் என்று சொல்ல வந்தவள். சொல்லிவிட்டாள். சுடலைமுத்துவின் தங்கை உட்கார்ந்திருந்த பக்கம் திரும்பவே இல்லை.

அன்றைக்கும் இதே கேள்விதான். அவள் மனைவியா, இல்லையா? அன்று மறுத்தவன் கட்டியவனே. அவனும் போய்ச் சேர்ந்துவிட்டான். சொத்தில் பங்கு கேட்டதற்கு இன்று மறுப்பது அவன் தம்பிகள். தோற்றால் அவள் வைப்பாட்டி. மகளுக்கும் அந்தப் பேச்சுதான் சீதனம்.

அவளுடைய வக்கீல் எழுந்தார். செத்தவரை இனி யார் குறுக்கு விசாரணை செய்வது, இதை ஏற்கக் கூடாது என்றார்.

நீதிபதி கடைசிப் பக்கத்தைப் புரட்டினார். அன்றைக்கே கேட்டிருக்கலாம், வாய்ப்பு இருந்ததே என்றார். சாட்சியத்தை ஏற்றுக்கொண்டார்.

இருந்தது.

அன்று கோர்ட் வாசலில் அண்ணன் அவள் கையைப் பிடித்துக்கொண்டான். அவன் வேலை பார்த்தது அவள் புருஷன் வீட்டு அரிசி ஆலையில்.

“வக்கீல வச்சு என்னைய ஒண்ணும் கேக்க விட்றாத தாயி. ஊருக்கு முன்னால மானம் போயிரும். பெறவு நானே வந்து சரி பண்ணுதேன்.”

கூடப் பிறந்தவனைக் கூண்டில் நிறுத்தி மடக்குவதா? வக்கீல் திரும்பிப் பார்த்தபோது வேண்டாம் என்று அவள்தான் தலையாட்டினாள்.

வழக்கு தள்ளுபடியானது. அண்ணன் வரவில்லை. பிறந்த வீட்டுச் சீரான பொங்கல்படியை மட்டும் யாரிடமோ கொடுத்தனுப்பினான்.

பாவி. நம்பவைத்துக் கழுத்தறுத்துவிட்டான்.

மதினியிடம் குறுக்கு விசாரணை உண்டா என்று இப்போது நீதிபதி கேட்டார்.

மதினி அப்போதுதான் அவளைப் பார்த்தாள். அண்ணன் அன்று கூண்டிலிருந்து பார்த்த அதே கெஞ்சும் பார்வை.

கூண்டைப் பற்றியிருந்த மதினியின் விரலில் அண்ணனின் மோதிரம் கிடந்தது. நழுவாமலிருக்க அடியில் நூல் சுற்றியிருந்தாள். அவள் கல்யாண மேடையில், மாப்பிள்ளை மச்சானுக்கு என்று போட்ட மோதிரம். அன்று பொய் சொன்னபோதும் அண்ணன் அதைக் கழற்றியிருக்கவில்லை.

வக்கீல் திரும்பி அவளைப் பார்த்தார்.

மதினிக்கும் பிள்ளைகள் உண்டு. அவர்களுக்கும் அதே ஆலைச் சோறுதான்.

அவள் எழுந்து நின்றாள்.

“கேளுங்க ஐயா. அந்த மோதிரம் யாரு போட்டதுன்னு கேளுங்க.”

மதினி கையை முந்தானைக்குள் இழுத்துக்கொண்டாள்.