பக்கத்து மனை

காலை பத்தரைக்கு வங்கியில் வீட்டுக் கடனுக்குக் கையெழுத்துப் போட வேண்டும். ஆறேகாலுக்கே இருதயராஜ், தான் வாங்கப்போகும் வீட்டை ஒட்டிய காலி மனையில் சுண்ணாம்புப் பொடியால் கோடு போட்டுக்கொண்டிருந்தான். மனைவி பிலோமினா தேடிக்கொண்டு வந்தபோது கூடமும் சமையலறையும் முடிந்து, படுக்கையறையை அளந்துகொண்டிருந்தான்.

"அடுத்தவன் மனையில என்னங்க பண்றீங்க? பித்து கித்து புடிச்சிருச்சா?"

"முப்பது லட்சம் கடன். இருபது வருஷம் கழிச்சுப் பாத்தா அறுபத்து மூணு லட்சம் குடுத்திருப்போம். முப்பதுக்கு அந்த வீடு. வட்டியாப் போற மிச்சத்துக்கு இது. பாரு, அதவிடக் கொஞ்சம் பெருசு."

"வாடகை வீடு மாறி மாறி என் கட்டில் காலே தேஞ்சு போச்சு. இன்னிக்குக் கையெழுத்துப் போடலன்னா நான் எங்கம்மா வீட்டுக்குப் போயிருவேன்."

அவன் ஜன்னலுக்கு இடம் விட்டுக் கோட்டை இழுத்தான். கோடு வளைந்தது. காலால் அழித்துவிட்டு மறுபடியும் போட்டான். அதுவும் வளைந்தது.

சுண்ணாம்பு வாளியைப் பிடுங்குவதற்காக அவள் விறுவிறுவென்று வந்தாள். வெள்ளைக் கோட்டுக்கு முன்னால் அவள் கால்கள் நின்றுவிட்டன. அதைத் தாண்டாமல் சுற்றிக்கொண்டு போய், வாசலுக்காக அவன் விட்டிருந்த இடைவெளியில் செருப்பைக் கழற்றினாள். கூடத்தைக் கடந்து சமையலறைக்குள் போனாள். இளவெயில் அதன் மண் தரை முழுவதும் விழுந்திருந்தது. அவள் அங்கேயே கொஞ்ச நேரம் நின்றாள். பிறகு யாருக்கோ கேட்டுவிடக் கூடாது என்பதுபோல் குரலைத் தாழ்த்தினாள்.

"இங்க யாருங்க குடியிருக்கப் போறாங்க?"