விழுப்புரத்துச் சம்பந்தி

விழுப்புரத்திலிருந்து தம் மகனுக்குப் பெண் பார்க்க வந்திருந்த அப்பாசாமி, அந்த ஊர் மதுவிலக்குப் பிரசாரக் குழுவின் தலைவர். அதனால் பெண்ணின் அப்பா தெய்வசிகாமணி, தம் புதுச்சேரி வீட்டிலிருந்த பாட்டில்களையெல்லாம் முதல் நாளே பக்கத்து வீட்டுக்குக் கடத்தியிருந்தார்.

"உங்க ஊர்ல குடிக்காத வீடே இல்லன்றாங்களே?" என்றார் அப்பாசாமி.

"எங்க வீட்டுக்கு அந்த வாடையே ஆவாதுங்க."

மகள் செல்வாம்பாள் தட்டு நிறையக் குட்டி ரொட்டிகளைக் கொண்டுவந்து வைத்தாள். அப்பாசாமி ஒன்றைப் பிட்டு வாயில் போட்டார்.

"எப்பம்மா சுட்டது?"

"நேத்தே சுட்டு வெச்சிட்டேங்க."

"நேத்து சுட்டதா இவ்ளோ மெத்துனு இருக்குது?" நாலாவது ரொட்டியை எடுத்தார். "கல்யாணத்துக்கப்புறம் நம்ம வீட்லயும் இதைச் செய்யணும்மா."

"அங்க செய்ய முடியாதுங்க மாமா. மாவு பொங்கறதுக்குக் கள்ளு ஊத்திப் பிசையணும். உங்க ஊர்லதான் கள்ளுக்கடையே இல்லியே."

தெய்வசிகாமணி கண்களை மூடிக்கொண்டார்.

அப்பாசாமி கையிலிருந்த ரொட்டியைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு அதையும் தின்று முடித்தார்.

"பொண்ணை மாசாமாசம் அம்மா வீட்டுக்கு அனுப்பி வெக்கிறோம்" என்றார். "வரும்போது சுட்டு எடுத்தாரட்டும்."