பன்னிரண்டு தப்படி

சீசன் முழுக்கத் தோற்காத கல்லூரிக் கால்பந்து அணி, சொந்த மைதானத்தில் நடந்த கடைசி ஆட்டத்தில் ஒரே ஒரு பெனால்டியில் தோற்றுப்போனது.

"கீப்பராடா நீ? காந்தி மார்க்கெட்ல போய் வெங்காய மூட்டையைப் புடி!" என்று கத்திவிட்டுப் போனான் கேப்டன் ரெஜிஸ்.

வளவன் கையுறையைக் கழற்றி வீசிவிட்டுப் புல்லில் உட்கார்ந்திருந்தான். அந்த மைதானத்துக்குக் கோடு போடும் அம்மாசி, அவனுடைய அப்பா, சுண்ணாம்பு வாளியோடு பக்கத்தில் வந்து நின்றார்.

"வாடா, ஸ்ரீரங்கம் பஸ் போயிடும்."

"இனிமே பந்தையே தொட மாட்டேம்ப்பா."

அம்மாசி பெனால்டி புள்ளியைத் திரும்பிப் பார்த்தார்.

"தப்பு உன் மேல இல்லடா. டேப்பு அறுந்ததுலேருந்து காலாலதான் அளக்குறேன். கோல் கோட்டுலேருந்து பன்னெண்டு தப்படி வச்சா பெனால்டி புள்ளி. முட்டி வலி வந்ததும் தப்படி குறுகிப்போச்சு. இப்பதான் கயிறு புடிச்சுப் பார்த்தேன். புள்ளி கோலுக்கு நாலடி கிட்டக்க வந்துடுச்சு."

வளவன் நிமிரவே இல்லை. "தெரியும்ப்பா. முதல் மேட்ச் அன்னைக்கே நடந்து பார்த்துட்டேன்."

"எங்கிட்ட ஏண்டா சொல்லலை?"

"சொன்னா நீங்களே கோச் சார்கிட்டப் போய் ஒத்துக்குவீங்க. முட்டி போச்சுன்னு தெரிஞ்சா வேலையை விட்டு நிறுத்திடுவாங்க."

அம்மாசி வாளியைக் கீழே வைத்தார். கையுறைகளைப் பொறுக்கி, மண்ணைத் தட்டி, மகன் மடியில் வைத்தார். பிறகு கோச் அறையைப் பார்த்து நடந்தார்.

நொண்டாமல் நடக்கத்தான் பார்த்தார். முட்டி விடவில்லை.